ஆட்சேபம் ஏதும் வரப்பெறவில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

அரசு நில ஒதுக்கீடுகளை எதிர்த்துக் குவியும் வழக்குகள் பற்றிய தங்கள் தலையங்கம் படித்தேன். வழக்குப் போடுகிறவர்களால்தான் நல்ல திட்டங்கள் முடங்குகின்றன என்ற தொனி அதில் இருக்கிறது. கிராம நிர்வாக அலுவலராக இருந்து ஓய்வுபெற்ற என்னால் அதை ஏற்க முடியவில்லை.

அரசு நிலத்தை ஒருவருக்கு வழங்கும் எந்த ஒப்படைக் கோப்பை வேண்டுமானாலும் புரட்டிப் பாருங்கள். புல எண், பரப்பு, வகைப்பாடு, நான்கெல்லை எல்லாம் எழுதி முடித்த பிறகு ஒரு வரி தவறாமல் இருக்கும்: 'கிராமத்தில் விளம்பரம் செய்யப்பட்டது, ஆட்சேபம் ஏதும் வரப்பெறவில்லை.' நானும் அந்த வரியை எழுதிக் கையெழுத்திட்டிருக்கிறேன். பல நேரங்களில் விளம்பரம் என்பது அலுவலகச் சுவரில் ஒட்டிய ஒரே ஒரு தாள். மேய்க்கால் புறம்போக்கில் ஆடு மேய்ப்பவர் அந்தச் சுவர்ப்பக்கம் என்றைக்கு வரப்போகிறார்? பொக்லைன் வந்து இறங்கும் அன்றுதான் அவருக்குச் சேதி தெரிகிறது. அதற்குமேல் உயர்நீதிமன்றத்தை விட்டால் அவருக்குப் போக்கிடம் ஏது?

நீதிமன்றங்களும் புதிதாக எதையும் கேட்டுவிடவில்லை. போபாலில் ஓர் அறக்கட்டளைக்கு விளம்பரமே இல்லாமல் கொடுத்த 20 ஏக்கரை 2011 இல் உச்சநீதிமன்றம் ரத்து செய்தது. பொதுச்சொத்தை ஆள்பவர்கள் தம் விருப்பப்படி தூக்கிக் கொடுக்க முடியாது, எல்லோருக்கும் தெரியும்படி கொடுக்க வேண்டும் என்பதுதான் அதன் சாரம். அதே ஆண்டு ஜனவரியில், பஞ்சாப் கிராமம் ஒன்றின் குளத்து வழக்கில், பொது நில ஆக்கிரமிப்புகளை அகற்றத் திட்டம் வகுக்கும்படி எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டது. நிலமற்ற கூலிகளுக்கும் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் அரசு முறைப்படி குத்தகைக்குக் கொடுத்திருந்தாலோ, அங்கே பள்ளி, மருந்தகம் போன்ற பொதுப்பயன்பாடு இருந்தாலோ விலக்கு உண்டு என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. நீதிமன்றம் ஏழைக்கு எதிரி என்று பேசுபவர்கள் அந்தப் பத்தியைப் படிக்க வேண்டும்.

என்னை உறுத்துவது காலதாமதம். ஹைதராபாத்தில் சட்டமன்ற, நாடாளுமன்ற உறுப்பினர்கள், நீதிபதிகள், அதிகாரிகள், பத்திரிகையாளர்கள் ஆகியோரின் வீட்டுவசதிச் சங்கங்களுக்குச் சலுகை விலையில் நிலம் தரும் அரசாணை 2005 இல் வந்தது. உயர்நீதிமன்றம் 2010 இல் அதை ரத்து செய்தது. உச்சநீதிமன்றம் 2024 நவம்பரில்தான் அதை உறுதிசெய்தது. 19 ஆண்டுகள்! ஆனாலும் பணம் கட்டிய சங்கங்களுக்கு அதை வட்டியோடு திருப்பித் தர உத்தரவு கிடைத்தது.

ஓடைப் புறம்போக்கில் வீட்டுமனைப் பட்டா வாங்கியவர்களுக்கு அப்படி என்ன கிடைக்கிறது? நான் பணிபுரிந்த வட்டத்தில் அப்படிப் பட்டா கொடுத்தார்கள். சில ஆண்டுகளில் ஒருவர் வழக்குத் தொடர்ந்தார். நியாயமான வழக்குதான், அது கண்மாய்க்குத் தண்ணீர் வரும் ஓடை. பட்டாக்கள் ரத்தாயின. அறிவிப்பைக் கொடுக்கப் போனபோது ஓர் அம்மாள் பிளாஸ்டிக் உறையிலிருந்து பட்டாவை எடுத்து, வட்டாட்சியரின் முத்திரையை விரலால் தொட்டுக் காட்டினார். "இது அரசாங்க முத்திரைதானே ஐயா?" ஆமாம் என்றேன். அஸ்திவாரம் போட்டிருந்தார். அதற்கான கடனை யார் தலையில் கட்டுவது என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்னிடம் பதில் இருந்திருக்காது. அந்த நிலத்தை ஓடை என்று தெரிந்தே பரிந்துரைத்தவர்களிடம் கடைசிவரை எவரும் ஒரு விளக்கம்கூடக் கேட்கவில்லை.

தங்கள் பத்திரிகை வற்புறுத்த வேண்டியது இதைத்தான். எந்த அரசு நிலத்தையும் ஒதுக்கும் முன், அதன் புல எண், கிராமத்தின் அடிப்படை நிலப் பதிவேடான அ-பதிவேட்டில் உள்ள வகைப்பாடு, யாருக்கு, என்ன விலைக்கு என்ற விவரங்களைக் கிராம சபையில் வாசித்துக் காட்ட வேண்டும். வந்த ஆட்சேபங்களைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதி, அந்தப் பக்கத்தின் நகலைக் கோப்பில் சேர்க்க வேண்டும். ஒதுக்கீடு ரத்தானால், நம்பி வாங்கிய ஏழைக்கு அதே உத்தரவில் மாற்று மனை தர வேண்டும். தவறாகப் பரிந்துரைத்தவர் மீது துறை நடவடிக்கை எடுக்க வேண்டும். இவற்றைச் செய்துவிட்டு, அதன் பிறகும் வழக்குகள் வருகின்றனவா என்று பார்க்கட்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கிராம நிர்வாக அலுவலர்