ரென்னி ஹார்லினை எப்படிப் பார்ப்பது? ஓர் உதவி இயக்குநருக்குக் கடிதம்

அன்புள்ள சரவணா,

ஆக்‌ஷன் படம் எடுக்கக் கற்றுக்கொள்ள யாரைப் பார்ப்பது என்று கேட்டாய். ஹாலிவுட் இயக்குநர் ரென்னி ஹார்லின் என்றேன். "ஒரு கம்பெனியையே மூழ்கடித்தவராச்சே அண்ணே" என்று பதில் எழுதியிருக்கிறாய். முதலில் அந்தப் பேச்சை முடித்துவிடுவோம். அவர் இயக்கிய கடற்கொள்ளையர் படமான 'கட்த்ரோட் ஐலேண்ட்'டைத் தயாரித்த கரோல்கோ நிறுவனம் 1995 நவம்பரில் திவால் மனு கொடுத்தது. படம் திரைக்கு வந்ததே டிசம்பர் 22-ஆம் தேதிதான். படம் படுதோல்வி என்பதில் சந்தேகம் இல்லை. அமெரிக்காவில் சுமார் 1 கோடி டாலர் வசூல், செலவு அதைப்போல ஒன்பது மடங்குக்கும் மேல். ஆனால் கம்பெனி அதற்குள் கடனில் விழுந்துவிட்டிருந்தது.

அந்தப் படம் எங்கே கெட்டது என்பதுதான் உனக்கு வேண்டிய பாடம். கதாநாயகனாக நடிக்க இருந்த மைக்கேல் டக்ளஸ் விலகிவிட்டார். ஹார்லின் அடுத்த ஹீரோவைத் தேடி அலைந்த நேரத்தில் செட் வேலையும் திரைக்கதை வேலையும் அவர் இல்லாமலே ஓடின. கடைசியில் மாத்யூ மோடின் கிடைத்தார். ஹார்லின் போய்ப் பார்த்தால் கட்டியதும் பிடிக்கவில்லை, எழுதியதும் பிடிக்கவில்லை. இடித்துக் கட்டினார்கள், திருத்தி எழுதினார்கள். மால்டாவிலும் தாய்லாந்திலும் படப்பிடிப்பு, முழு அளவில் இரண்டு கப்பல்கள். ஒரு சீனை ராத்திரியோடு ராத்திரியாக மாற்றி எழுதிவிடலாம், ஒரு கப்பலை மாற்ற முடியாது.

இதே மனிதர் 1988-இல் எழுத்தாளர்கள் வேலைநிறுத்தத்தின் நடுவே, முழுத் திரைக்கதை கையில் இல்லாமலே 'எ நைட்மேர் ஆன் எல்ம் ஸ்ட்ரீட்' என்ற திகில் பட வரிசையின் நான்காம் படத்தை எடுத்தார். அமெரிக்காவில் சுமார் 4.9 கோடி டாலர் வசூல். அந்த வரிசையில் அதுவரை வந்ததில் அதிகம் அதுதான். அங்கே எப்படி ஓடியது? அந்தப் படம் தனித்தனிக் கெட்ட கனவுகளால் ஆனது. ஒரு கனவுக்கு ஓர் அறை கட்டி, எடுத்து முடித்து, பிரித்துவிடலாம். அடுத்த கனவில் என்ன வரும் என்று தெரியாவிட்டாலும் இன்றைய கனவு கெடாது. கதை முழுக்க ஒரே கப்பலில் ஏறி நிற்கும்போது அந்த வசதி கிடையாது.

அவர் 1959-இல் பின்லாந்தின் ரீஹிமாக்கி ஊரில் பிறந்தவர். அப்பா டாக்டர், அம்மா நர்ஸ். ஹெல்சிங்கியில் சினிமா படித்தார், விளம்பரப் படங்கள் எடுத்தார். பிறகு தயாரிப்பாளர் மார்கஸ் செலினோடு சேர்ந்து 1986-இல் 'பார்ன் அமெரிக்கன்' எடுத்தார். பின்லாந்து எல்லையைத் தாண்டி சோவியத் மண்ணில் மாட்டிக்கொள்ளும் மூன்று அமெரிக்க இளைஞர்களின் கதை. பின்லாந்துத் தணிக்கை தடை போட்டது. வெட்டிய பிறகுதான் அங்கே வெளியானது. அமெரிக்காவில் அடுத்த படம் 'பிரிசன்'. வயோமிங்கில் ராலின்ஸ் ஊரில் 1981-இல் மூடிய பழைய சிறைச்சாலையையே லொகேஷனாக எடுத்துக்கொண்டார். நாயகன் அன்று அதிகம் பேர் அறியாத விக்கோ மார்ட்டென்சன்.

இனி சில்வஸ்டர் ஸ்டலோன் நடித்த மலையேற்றப் படம் 'கிளிஃப்ஹேங்கர்' (1993). தொடக்கக் காட்சியை ஒலியை அணைத்துவிட்டுப் பார். வில்லன் இல்லை, துப்பாக்கி இல்லை. இரண்டு சிகரங்களுக்கு நடுவே கட்டிய கம்பியில் ஒரு பெண் தொங்கியபடி கடக்கிறாள். முதலில் தூரத்து ஷாட்டில் பள்ளத்தின் ஆழத்தை நமக்குக் காட்டிவிடுகிறார். அதன் பிறகு குளோசப்பில் பொருள்கள் மட்டும்: ஹார்னெஸின் (உடலைக் கம்பியோடு பிணைக்கும் பாதுகாப்புப் பட்டை) பக்கிள், வார், கடைசியில் ஸ்டலோன் பிடித்திருக்கும் கையுறை. பக்கிள் விடுவதைப் பார்த்த கணத்திலிருந்து, எது அறும், எது தாங்கும் என்று நாமே கணக்குப் போட ஆரம்பிக்கிறோம். பள்ளத்தைக் காட்டாமல் பக்கிளுக்குத் தாவியிருந்தால் அது வெறும் உலோகத் துண்டு. அந்த ஹார்னெஸ் பிளாக் டயமண்ட் கம்பெனியுடையது. அறுவதற்காகவே அதைத் தனியாக மாற்றி அமைத்தோம் என்று படத்தின் முடிவில் அறிவிப்பே போட்டிருக்கிறார்கள். பாதுகாப்புக் கருவி ஒன்று கைவிடுவதாக நீ காட்டினால், அந்தக் கம்பெனியிடம் முன்கூட்டியே பேசிவிடு.

கதை நடப்பது அமெரிக்காவின் ராக்கி மலையில். மலைக் காட்சிகளை எடுத்தது இத்தாலியின் டோலமைட் மலைகளில், கார்ட்டினா தம்பெட்ஸோ பக்கம். ஸ்டலோனுக்கு டூப்பாக ஏறியவர்களில் ஒருவர் ஜெர்மனியின் வுல்ஃப்காங் குல்லிக், அந்தக் காலத்தின் உச்சமான பாறையேற்ற வீரர். கதையில் ஸ்டலோன் பனியில் வெறும் டி-ஷர்ட்டோடு ஏறுகிறார். கை வெளியே தெரிந்தால் டூப்பை ஜாக்கெட்டால் மறைக்க முடியாது. தோளும் முதுகும் நடிகருக்குப் பொருந்த வேண்டும். குல்லிக் 1992 ஆகஸ்டில் கார் விபத்தில் இறந்தார். படம் அவர் நினைவுக்குச் சமர்ப்பணம்.

இன்னொன்று, ஆகாயத்தில் ஒரு விமானத்திலிருந்து மற்றொன்றுக்குக் கயிற்றில் போவது. 15,000 அடி உயரத்தில் சைமன் கிரேன் என்ற ஸ்டண்ட் கலைஞர் நிஜமாகவே செய்தது. அதற்கு 10 லட்சம் டாலர். கின்னஸ் பதிவில் இடம்பெற்ற தொகை. பிறகு படத்தை ஒலியோடு இன்னொரு முறை பார். அதற்குக் கிடைத்த மூன்று ஆஸ்கர் பரிந்துரைகளில் இரண்டு ஒலிக்கானவை.

'டை ஹார்ட் 2' (1990) பனிப்புயல் கதை, பனிதான் கிடைக்கவில்லை. டென்வர், மிச்சிகன், வாஷிங்டன் மாநிலத்தின் மோசஸ் லேக் என்று பனியைத் துரத்தி ஓடினார்கள்; செயற்கைப் பனியும் கொட்டினார்கள். இப்படித் துண்டு துண்டாக எடுக்கும்போது எங்கே ஓட்டை விழும் தெரியுமா? கதை நடப்பது தலைநகர் வாஷிங்டனின் டல்லஸ் விமான நிலையத்தில். புரூஸ் வில்லிஸ் பேசும் பொதுத் தொலைபேசியில் 'பசிபிக் பெல்' என்ற பெயர். அது கலிபோர்னியா கம்பெனி. பனியில் எல்லோர் கவனமும் போய்விட்டது, பெயர்ப்பலகையைப் பார்க்க ஆள் இல்லை. உன் படத்தில் லொகேஷன் மாற்றி எடுத்தால், ஃபிரேமில் தெரியும் எழுத்துகளைப் பார்க்க மட்டும் ஒருவரை நிறுத்து. கடைசி ஓடுதளக் காட்சியையும் கவனி. பின்னணிக்காகக் கண்ணாடியில் வரையும் பழைய மேட் ஓவியத்தை கணினியில் ஏற்றி நிஜக் காட்சியோடு இணைத்த முதல் படம் இதுதான்.

தண்ணீருக்கு வருவோம். 'கட்த்ரோட் ஐலேண்ட்' எடுத்த மால்டாவில், கல்காரா கடலோரத்தில் 300-க்கு 400 அடியில் ஒரு தொட்டி உண்டு. நீர் விளிம்பில் வழியும். பின்னால் நிஜக் கடல். கேமரா தாழ்ந்திருந்தால் தொட்டியும் கடலும் ஒரே நீர்ப்பரப்பாகத் தெரியும். கொஞ்சம் உயர்த்தினாலும் நடுவே கோடு தெரிந்துவிடும். கடல் கொந்தளிக்கும் நாளில் தொட்டியில் அலை எழுப்பாவிட்டால் இரண்டும் ஒட்டாது.

சுறாப் படமான 'டீப் ப்ளூ சீ' (1999) எடுத்தது மெக்சிகோவின் ரோசரிட்டோவில், 'டைட்டானிக்' படத்துக்குக் கட்டிய தொட்டிகளில். அதில் சாமுவேல் ஜாக்சன் பேசும் காட்சியைப் பத்துத் தடவை பார். படத்தின் பெரிய நட்சத்திரம், திறந்த நீர்க்குளத்துக்கு முதுகைக் காட்டி நின்றுகொண்டு, எல்லோருக்கும் தைரியம் சொல்கிறார். இனி இவர்தான் தலைவர் என்று நாம் நம்புகிற அளவுக்குப் பேச்சை நீள விடுகிறார் ஹார்லின். வாக்கியம் முடியும் முன் சுறா வந்துவிடுகிறது. கணினியில் செய்த சுறா இன்று பழசாகத் தெரிகிறது. இயந்திரச் சுறா இன்றும் நிற்கிறது. ஆனால் அந்த அதிர்ச்சி சுறாவை நம்பி இல்லை. குளம் எங்கே, ஆள் எங்கே, பேச்சு எவ்வளவு என்பதில் இருக்கிறது.

பின்னாளில் ஏற்ற இறக்கம் நிறைய. என் கணக்கில் 'தி லாங் கிஸ் குட்நைட்' (1996) அவருடைய மிகச் சிறந்த படம். 'தி லெஜண்ட் ஆஃப் ஹெர்குலிஸ்' (2014) பக்கம் போகாதே. பிறகு சீனாவில் சில ஆண்டுகள். ஜாக்கி சான் நடித்த 'ஸ்கிப்டிரேஸ்' படப்பிடிப்பின்போது, 2014 டிசம்பரில், ஹாங்காங் கடலில் படகு கவிழ்ந்து ஒளிப்பதிவாளர் சான் குவோக்-ஹங் இறந்தார். தண்ணீர்க் காட்சிக்கு பட்ஜெட் போடும்போது கேமரா படகில் இருப்பவர்களுக்கான லைஃப் ஜாக்கெட்டையும் மீட்புப் படகையும் முதல் வரியில் எழுது.

'தி ஸ்ட்ரேஞ்சர்ஸ்' என்ற திகில் பட வரிசையில் மூன்று படங்களை ஸ்லோவாக்கியாவில் 52 நாளில் சேர்த்தே எடுத்தார். கதை தொடர்ச்சியானது, எடுப்பதோ இட வாரியாக. நாயகியின் காயம் எந்த சீனில் எவ்வளவு ஆறியிருக்கும் என்று மேக்கப்புக்குத் தனி அட்டவணை இல்லாமல் இப்படி எடுக்கவே முடியாது. உன் கதை ஒரே ராத்திரியில் நடப்பதால் அந்த அட்டவணையை இப்போதே போடத் தொடங்கு. 'கிளிஃப்ஹேங்கர்' தொடக்கத்தை ஷாட் ஷாட்டாக எழுதி அனுப்பு, உட்கார்ந்து பேசுவோம்.

அன்புடன்,
அண்ணன்