அதிர்வுத்தூணை நிஜமாகச் செய்து பார்க்க உங்கள் பங்கு வேண்டும்

அன்புள்ள நண்பர்களே, வணக்கம்.

நாம் எல்லோரும் சேர்ந்து எழுதிவரும் கற்பனை உலகத்தில் அதிர்வுத்தூணை அறியாதவர்கள் இருக்க மாட்டீர்கள். கணவாய்க் காற்றில் தூண் அதிரும். அதே பாறையின் மேல், அதே சுருதிக்குச் செதுக்கிய செவிக்கல் எந்த வீட்டில் இருக்கிறதோ, அந்த வீட்டில் விளக்கு எரியும். அந்தத் தூணை மேசையில் வைக்கும் அளவில், உண்மையிலேயே விளக்கு எரியும் மாதிரியாகச் செய்ய நினைக்கிறோம். கூடவே அது இயங்கும் விதத்தைச் சொல்லும் படநூல் ஒன்றையும் வெளியிட்டு, எல்லோருக்கும் இலவசமாகத் தர வேண்டும். இரண்டுக்கும் நன்கொடை கேட்டே இந்த வேண்டுகோள்.

கற்பனைக் கருவிக்கு எதற்கு நிஜ மாதிரி என்று எங்கள் குழுவுக்குள்ளேயே கேள்வி எழுந்தது. நியாயமான கேள்விதான்.

ஒரு பொருளை அதன் இயல்பான அதிர்வோடு இசையும்படி தள்ளினால் ஆட்டம் பெருகும், அதுதான் ஒத்ததிர்வு. கதைகளில் ஒத்ததிர்வு என்றாலே அள்ள அள்ளக் குறையாத ஆற்றல் என்று எழுதிவிடுகிறார்கள். உண்மையில் ஒத்ததிர்வு ஒரு துளி ஆற்றலைக்கூட உண்டாக்காது. வருகிற ஆற்றலைச் சேர்த்துவைக்கும், அவ்வளவுதான். ஊஞ்சலைச் சரியான நேரத்தில் மெல்லத் தள்ளினாலே உயரப் போகிறதே, அதுபோல. தள்ளுகிற கை இல்லாவிட்டால் ஊஞ்சல் நின்றுவிடும். நம் தூணுக்குக் காற்றுதான் அந்தக் கை. உருளையான தூணைக் காற்று கடக்கும்போது அதன் பின்னால் இடமும் வலமும் மாறி மாறிச் சுழல்கள் கிளம்பும். ஒரு விநாடிக்கு எத்தனை சுழல் இணைகள் என்று அறிய, காற்றின் வேகத்தைத் தூணின் விட்டத்தால் வகுத்து 0.2ஆல் பெருக்கினால் போதும், ஏறக்குறைய சரியாக வரும். 2 செ.மீ. விட்டமுள்ள தூணில் விநாடிக்கு 2 மீட்டர் வேகக் காற்று பட்டால், விநாடிக்குச் சுமார் 20. தூணின் இயல்பான அதிர்வும் அதே 20 என்று அமைத்துவிட்டால் அது ஆடத் தொடங்கும். காற்று ரொம்பக் கூடினாலும் அடங்கிவிடும், குறைந்தாலும் அடங்கிவிடும்.

இந்தக் கட்டுப்பாடுகள்தான் நம் உலகத்துக்கே உயிர் என்று நாங்கள் உறுதியாக நம்புகிறோம். வெயில் ஏறினால் எஃகின் விறைப்பு சற்றுக் குறைந்து சுருதி இறங்கும். அதனால்தான் நம் கதையில் பருவம் மாறும்போதெல்லாம் சுருதி சேர்ப்பவர்கள் வீடு வீடாக வருகிறார்கள். செவிக்கற்கள் கூடக் கூடத் தூணின் ஆட்டம் தளரும், அங்கே பங்கீட்டுச் சண்டை பிறக்கும். யாருமே ஆற்றலை எடுக்காத இரவில் ஆட்டம் ஏறி ஏறித் தூண் விரிசல் விடலாம். அதைத் தடுக்க விடிய விடியக் காவல் இருக்கும் தணிப்பர்களை விட அருமையான பாத்திரங்கள் நம்மிடம் இல்லை. இதெல்லாம் கண்ணெதிரே நடப்பதைப் பார்த்தவர் எழுதினால் கதை வேறு மாதிரி இருக்கும்.

கம்பி இல்லாமல் ஆற்றலை அனுப்ப ஆசைப்பட்டவர்கள் நிஜ உலகிலும் உண்டு. கண்டுபிடிப்பாளர் நிகோலா டெஸ்லா 1901இல் அமெரிக்காவில் வார்டன்கிளிஃப் கோபுரத்தைக் கட்டத் தொடங்கினார். பணம் வற்றியதால் வேலை நின்றுபோய், 1917இல் அதை இடித்துவிட்டார்கள். 2007இல் அமெரிக்காவின் எம்ஐடி தொழில்நுட்பக் கல்வி நிறுவன ஆய்வாளர்கள் ஒரே சுருதியில் இசைத்த இரண்டு செப்புச் சுருள்களை வைத்து, 2 மீட்டருக்கு மேல் தள்ளியிருந்த 60 வாட் பல்பை எரியவைத்தார்கள். அனுப்பிய ஆற்றலில் போய்ச் சேர்ந்தது ஏறக்குறைய 40 சதவீதம். அந்த இழப்பையும் படநூலில் மறைக்காமல் சொல்வோம். அப்புறம், 1940 நவம்பர் 7 அன்று காற்றில் ஆடி விழுந்த, அமெரிக்காவின் டகோமா தொங்கு பாலத்தைப் பற்றி ஓர் அத்தியாயம் இருக்கும். அதை வெறும் ஒத்ததிர்வு என்று சொல்லிவிடுவது சரியல்ல. பாலத்தின் அசைவே காற்றிலிருந்து மேலும் ஆற்றலை இழுத்துக்கொண்ட கதை அது.

மாதிரி எளிமையானதுதான். ஒரே பலகையில் தூணும், அதே சுருதியுள்ள எஃகுப் பட்டையும் நிற்கும். பட்டையின் நுனியில் காந்தம், அருகே செப்புச் சுருள், அதில் ஒரு சிறிய எல்இடி. சுருதி சேராத இன்னொரு பட்டையையும் பக்கத்திலேயே வைப்போம். அது ஏறக்குறைய அசையாமல் நிற்பதைக் குழந்தைகள் கட்டாயம் பார்க்க வேண்டும்.

செலவு என்று பார்த்தால் காந்தம், கம்பி, மின்விசிறி, கடைசல் வேலை ஆகியவை. அதைவிடப் பெரியது ஓவியருக்கும் ஒலிப்பதிவு செய்பவருக்கும் தர வேண்டிய ஊதியம். நட்புக்காக இலவசமாக வரைந்து கொடுங்கள் என்று கேட்க எங்களுக்கு மனம் வரவில்லை. குழுவினர் யாரும் இதில் ஊதியம் பெறவில்லை.

எவ்வளவு சிறிய தொகையானாலும் அனுப்புங்கள். பணம் தர இயலாதவர்கள் செப்புக் கம்பியோ, பழைய ஒலிபெருக்கியிலிருந்து கழற்றிய காந்தமோ தரலாம். கடைசல் தெரிந்தவர்கள் உழைப்பைத் தரலாம். நன்கொடை தந்தவருக்குக் கதையின் போக்கைத் தீர்மானிக்கும் தனி உரிமை கிடையாது, அது எப்போதும்போல எல்லோரும் பேசி முடிவெடுப்பதுதான். வரவு செலவு முழுவதையும் உறுப்பினர்கள் முன் வைப்போம். பெயர் வெளியே வர வேண்டாம் என்பவர்கள் தொகை அனுப்பும்போதே பொருளாளரிடம் சொல்லிவிடுங்கள்.

அன்புடன்,
அதிர்வுத்தூண் மாதிரிக் குழுவினர்