‘என்க’ வரிக்கும் மதிப்பெண் போடுங்கள்

ஒன்பது, பத்தாம் வகுப்புகளுக்குக் கணிதம் எடுக்கும் ஆசிரியர்களுக்கும், வினாத்தாளும் விடைக்குறிப்பும் தயாரிப்பவர்களுக்கும்,

வணக்கம். இரு மாறிகளில் வரும் நேரிய சமன்பாட்டு வாக்கியக் கணக்குகளைப் பற்றி எழுதுகிறோம். பிரதியிடல், நீக்கல், குறுக்குப் பெருக்கல் என்று தீர்க்கும் முறைகளுக்கே பாடவேளைகள் போய்விடுகின்றன. சமன்பாட்டைக் கையில் கொடுத்தால் கடகடவென்று தீர்க்கும் பிள்ளை, அதையே வாக்கியமாகக் கொடுத்தால் பேனாவை மூடி வைக்கிறது. சறுக்கல் முதல் மூன்று வரிகளுக்குள்ளேயே நடந்து முடிந்துவிடுகிறது.

9ஆம் நூற்றாண்டில் மகாவீரர் எழுதிய கணிதசாரசங்கிரகத்தில் ஒரு கணக்கு உண்டு. 9 நாரத்தையும் 7 விளாம்பழமும் சேர்ந்து விலை 107. 7 நாரத்தையும் 9 விளாம்பழமும் 101. ஒவ்வொன்றின் விலை என்ன? ‘ந = நாரத்தை, வ = விளாம்பழம்’ என்று தொடங்கும் விடைத்தாள்கள்தான் அதிகம். எழுத்து ஓர் எண்ணைக் குறிக்காமல் பழத்தின் சுருக்கப்பெயர் ஆகிவிட்டது. 9ந என்பதை ‘ஒன்பது நாரத்தை’ என்றே பிள்ளை வாசிக்கிறது. இந்தக் கணக்கில் அது தப்பித்துக்கொள்ளும்; தவறான வாசிப்பும் 9ந + 7வ = 107 என்ற சரியான வரியில்தான் கொண்டுபோய் விடுகிறது. ‘ஓர் ஆசிரியருக்கு ஆறு மாணவர்’ என்று கொடுத்துப் பாருங்கள், 6ம = ஆ என்று வரும். அமெரிக்காவில் முதலாண்டுப் பொறியியல் மாணவர்களிடம் இதே மாதிரிக் கணக்கைக் கொடுத்தபோது மூன்றில் ஒருவருக்கு மேல் தவறாக எழுதினார்கள். சரியானது ம = 6ஆ. ‘ம = மாணவர்களின் எண்ணிக்கை என்க’ என்று முழுதாக எழுத வைத்தால் இந்தக் குழப்பம் பெருமளவு குறையும்.

மகாவீரர் கணக்கில் கெழுக்கள், அதாவது மாறிகளுக்கு முன் நிற்கும் 9, 7 என்ற எண்கள், இடம் மாறி நிற்கின்றன. இரண்டையும் கூட்டி 16ஆல் வகுத்தால் ந + வ = 13, கழித்து 2ஆல் வகுத்தால் ந − வ = 3; விலை 8, 5. ‘குறுக்குப் பெருக்கல் முறையில் தீர்’ என்று கட்டாயப்படுத்தினால் 107ஐ இடப்பக்கம் கொண்டுவந்து குறி மாற்ற மறந்து, அங்கே ஒரு மதிப்பெண் போகும். வாக்கியக் கணக்கில் முறையைப் பிள்ளையிடமே விட்டுவிடுங்கள்.

அடுத்தது நம் மொழிக்கே உரிய சிக்கல். ‘தந்தையின் வயது மகனின் வயதின் இரு மடங்கைவிட 3 குறைவு.’ சொற்கள் வரும் வரிசையிலேயே எழுதினால் 3ஐ எங்கே வைப்பது என்று தெரியாது. த − 3 = 2ம, த = 3 − 2ம இரண்டும் வரும். ‘விட’ என்பதை அடிக்கோடிடச் சொல்லுங்கள். அது எதோடு ஒட்டியிருக்கிறதோ அதுதான் அடிப்படை. கூட்டுவதும் கழிப்பதும் அதில்தான். இங்கே ஒட்டியிருப்பது ‘இரு மடங்கு’, ஆகவே த = 2ம − 3.

வயதுக் கணக்கில் காலம் குறுக்கே வருகிறது. 5 ஆண்டுகளுக்கு முன் தந்தையின் வயது மகனின் வயதைப் போல் 7 மடங்கு. 5 ஆண்டுகளுக்குப் பின் 3 மடங்கு. சமன்பாட்டுக்கு முன்னால் ஒரு சிறு அட்டவணை போட வேண்டும்: தந்தை, மகன் என்று இரண்டு வரிசை, முன், இன்று, பின் என்று மூன்று பத்தி. ஆறு கட்டமும் நிரம்பிய பிறகு த − 5 = 7(ம − 5), த + 5 = 3(ம + 5). கழித்தால் 4ம = 40; மகன் 10, தந்தை 40.

முதல் வரியில் மட்டும் அடைப்புக்குறியை விட்டு த − 5 = 7ம − 5 என்று எழுதிய பிள்ளைக்கு மகன் 2.5, தந்தை 17.5 என்று வரும். ‘சரிபார்’ என்று சொன்னால் தான் எழுதிய சமன்பாட்டிலேயே பிரதியிடும்; பொருந்தும்! வினாவின் வாக்கியத்துக்குப் போனால்தான் 5 ஆண்டுகளுக்கு முன் மகன் பிறக்கவே இல்லை என்பது தெரியும். (இரண்டு வரியிலும் அடைப்புக்குறியை விட்டால் இருவர் வயதும் பூஜ்யம்.) ஆகவே சரிபார்ப்பு வினாவில் நடக்கட்டும், சமன்பாட்டில் வேண்டாம்.

வினாத்தாள் தயாரிப்பவர்களுக்கு இரண்டு வார்த்தை. ஈரிலக்க எண்ணின் இலக்கங்களின் கூடுதல் 9. அந்த எண்ணையும் இலக்கங்களை இடம் மாற்றிய எண்ணையும் கூட்டினால் 99. எண் என்ன? பார்வைக்கு இரண்டு தகவல், உள்ளே ஒன்றுதான்: பத்தாம் இட இலக்கம் ப, ஒன்றாம் இட இலக்கம் ஒ என்றால் 11(ப + ஒ) = 99. 18, 27, 36 என்று வரிசையாகப் பொருந்தும். அறியாமல் இப்படிக் கேட்பது பிழை. ‘தகவல் போதுமா?’ என்று தெரிந்தே கேட்டால் நல்ல வினா. ‘மூன்று மடங்கு அதிகம்’ என்றும் எழுத வேண்டாம். அது 3ம தானா, ம + 3ம தானா என்று ஆசிரியர் அறையிலேயே வாக்குவாதம் வரும். ‘போல் மூன்று மடங்கு’ என்றால் சந்தேகமில்லை.

ஐந்து மதிப்பெண் வினாவுக்கு எங்கள் பங்கீடு: மாறி எதைக் குறிக்கிறது என்ற ‘என்க’ வரிக்கு 1, சமன்பாடுகள் இரண்டுக்கும் 2, தீர்வுக்கு 1, வினாவில் சரிபார்த்து அலகோடு விடை எழுதியதற்கு 1. அடுத்த வகுப்புத் தேர்வின் விடைக்குறிப்பில் இதைப் போட்டுப் பாருங்கள்.

இப்படிக்கு,
கணிதம் கற்பிக்கும் சிலர்