சனிக்கிழமை படப்பிடிப்பு: மரக்கறித் தோட்டக்காரர் கவனத்துக்கு

அனைவருக்கும் வணக்கம்.

தோட்டத்திலிருந்து சுப்பர்மார்க்கெட் தட்டுவரை மரக்கறி போகும் வழியைப் படமாக்கும் ஆவணப்பட இயக்குநர் சனிக்கிழமை விடிய 5.30க்கு களுதாவளைக்கு வாறார். பிடுங்குவது, தரம் பிரிப்பது, லொறியில் ஏற்றுவது மூன்றையும் எடுப்பார்.

1. வெண்டிக்காய், பச்சைமிளகாயை நிழலில் பரப்பி, பனி ஈரம் உலர்ந்த பிறகே கூடையில் போடவும். மிளகாய்க் காம்பு கழலக் கூடாது. காம்பு போன இடத்தாலதான் அழுகல் தொடங்கும்.

2. உரப்பை வேண்டாம் (அன்றைக்கு மட்டுமில்லை, என்றைக்குமே). அடுக்கினால் அடிமூட்டை நசிந்து சூடேறும். பிளாஸ்ரிக் கூடையை விளிம்புக்கு 2 விரல் கீழே நிறுத்தினால் மேல்கூடை அமத்தாது.

3. தரம் பிரிக்கையில் கழிபடுவதைக் கொட்ட வேண்டாம். வளைந்த வெண்டி, தழும்புள்ள கத்தரி ருசியில் குறைந்ததில்லை. படத்தில் முக்கியமாக வரவேண்டியதே அதுதான்.

4. நிறுவை, கழிவு, காசு கிடைத்த திகதி உள்ள பழைய பற்றுச்சீட்டுகள் வேண்டும். வங்கிக் கணக்கு இலக்கத்தை மறைத்துவிடுங்கோ.

5. பேசும்போது நீர்ப்பம்பியை நிறுத்தவும். நெருக்கக் கோடு போட்ட சேட் வேண்டாம், திரையில் அலையடிக்கும்.

6. சம்மதப் பத்திரத்தை வாசிக்காமல் கையெழுத்து வைக்க வேண்டாம்.

வருபவர்கள் பெயர், பயிர், எத்தனை கூடை என வியாழன் இரவு 8 மணிக்கு முன் இங்கே எழுதவும். குரல்பதிவு போடாதீங்கோ, பிறகு தேடி எடுக்க ஏலாது.