துருவேறும் கம்பியும் உடைந்த ஓடும்

ஆசிரியர் அவர்களுக்கு,

உடைந்த தரை ஓடு, போத்தல், பழைய டயர் கொண்டு சிற்பத் தோட்டம் அமைக்கும் ஆர்வம் பாடசாலைகளில் தெரிவது மகிழ்ச்சி. பலரும் முன்மாதிரியாகக் கொள்வது இந்தியாவின் சண்டிகாரில் நேக் சந்த் 1957இல் இரகசியமாகத் தொடங்கி, 1976இல் மக்களுக்குத் திறக்கப்பட்ட பாறைத் தோட்டத்தை. அங்கே உடைந்த வளையல்களே பொம்மைகளுக்கு ஆடை. ஆனால் சண்டிகார் கடலுக்கு வெகுதூரம். அந்த முறையைக் கடலோரத்து வெள்ளவத்தையிலோ பம்பலப்பிட்டியிலோ அப்படியே கையாண்டால் சிற்பம் நிலைக்காது.

உப்புக்காற்று சாந்தின் நுண்துளை வழியே புகுந்து, சிற்பத்தைத் தாங்க உள்ளே வைத்த கம்பியைத் துருவேற்றும். துரு இரும்பைவிடக் கூடுதல் இடம் பிடிப்பதால் பூச்சு உள்ளிருந்தே வெடிக்கும். லொஸ் ஏஞ்சல்ஸில் சைமன் ரொடியா 1921 முதல் 1954 வரை இரும்பும் சாந்தும் உடைந்த ஓடும் கொண்டு தனியாளாக எழுப்பிய வாட்ஸ் கோபுரங்கள், 1959இல் உறுதியைச் சோதிக்க 10,000 இறாத்தல் விசையில் இழுத்தும் விழவில்லை. அவற்றிலேகூட வெடிப்பு அடைக்கும் பராமரிப்பு ஓயவில்லை.

ஆகவே முழங்கால் உயரத்துக்குட்பட்ட உருவங்களுக்குக் கம்பியே வேண்டாம்; செங்கல் துண்டுகளை அடுக்கிச் சாந்து பூசினால் போதும். பெரியவற்றுக்கு துருவைத் தடுக்க நாகம் (துத்தநாகம்) பூசிய கம்பியும் வலையும் வாங்குங்கள், அதன்மேல் 40 மில்லிமீற்றராவது பூச்சு இருக்கட்டும். சீமெந்து ஒரு பங்குக்கு ஆற்றுமணல் மூன்று பங்கு. கழுவாத கடல்மணலும் உவர்க்கிணற்று நீரும் கூடவே கூடாது. அவற்றைச் சேர்ப்பது உப்பை நாமே உள்ளே வைத்து மூடுவதாகும். பூசியபின் ஏழு நாள் ஈரச்சாக்கால் மூடி வைக்க வேண்டும். அவசரத்தில் பெரும்பாலும் விடுபடுவது இதுதான்.

சுவரோட்டுத் துண்டுகளை முதலில் நீரில் ஊறவையுங்கள். உலர்ந்த ஓடு சாந்தின் ஈரத்தை உறிஞ்சிவிட்டால் பிடிப்பு இராது. போர்சலின் ஓடு நீரை ஏற்காது, அதற்கு ஓடு ஒட்டும் பசைச்சாந்தே சரி. துண்டுகளுக்கிடையே 3 மில்லிமீற்றர் இடைவெளி விட்டு, அதைச் சாந்தால் நிரப்புங்கள். பிள்ளைகள் தொடும் இடமானால் கண்ணாடி விளிம்புகளைத் தேய்த்து மழுக்காமல் பதிக்கவே வேண்டாம்.

டயரின் அடியில் துளையிடுங்கள், போத்தலை வாய் கீழாகப் பதியுங்கள். மழைநீர் தேங்கினால் டெங்கு நுளம்பு அங்கேதான் முட்டையிடும்.

திறப்பு விழாவுக்குப் பணம் தருவோரிடம் ஒரு வேண்டுகோள்: அதில் ஒரு பகுதியைப் பராமரிப்புக்கு ஒதுக்குங்கள். தென்மேற்குப் பருவமழை தொடங்குமுன் ஆண்டுதோறும் மரக்கைப்பிடியால் தட்டிப் பார்த்து, வெற்றொலி எழும் இடத்தைப் பெயர்த்துத் திரும்பப் பூச ஒரு மேசன் வேண்டும்.

வாசகர்,
வெள்ளவத்தை