ஆஸ்பத்திரிக் கணக்கை வைத்து அப்படி எழுதலாமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

சென்ற ஞாயிறு உங்கள் பத்திரிகையில் வந்த கட்டுரையில், யாழ்ப்பாணத்துப் பெண்கள் அடிவாங்கி ஆஸ்பத்திரிக்கு வருவது மிகக் குறைவு என்றும், அதற்கு ஆஸ்பத்திரிக் கணக்கே சாட்சி என்றும் ஒரு வரி இருந்தது. நான் ஓர் ஆஸ்பத்திரியின் றெக்கோட் றூமில் வேலை செய்து ஓய்வுபெற்றவள். அந்தக் கணக்கை எழுதிய கைகளில் என் கையும் ஒன்று. அதை இப்படி ஒரு சாட்சிக்கு இழுத்திருப்பதைப் பார்த்துவிட்டுப் பேசாமல் இருக்க முடியவில்லை.

கணக்கு எப்படி வருகிறது என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. துண்டு வெட்டி ஆளை வீட்டுக்கு அனுப்பிய பிறகு, நோயாளியைப் பற்றி விடுதியில் எழுதி வைக்கிற பெட் ஹெட் ரிக்கற் எங்களிடம் வரும். டொக்டர் எழுதியதைப் பார்த்து நோய்களுக்கும் காயங்களுக்கும் உலக சுகாதார நிறுவனம் வைத்திருக்கிற ஐசிடி 10 வகைப்பாட்டின்படி குறியீடு போடுவோம். காயம் என்றால் இரண்டு போட வேண்டும். என்ன காயம் என்பதற்கு ஒன்று, எதனால் வந்தது என்பதற்கு இன்னொன்று. முன்கை எலும்பு முறிந்தால் எஸ் 52. விழுந்து முறிந்ததென்றால் அதோடு டபிள்யூ 00 முதல் 19 வரையில் ஒன்று. ஒருவர் தாக்கியதென்றால் எக்ஸ் 85 முதல் வை 09 வரையில் ஒன்று. கத்தி, வாள் என்றால் எக்ஸ் 99. பொல்லு என்றால் வை 00. கையாலும் காலாலும் அடித்தால் வை 04. கணவனோ துணைவரோ செய்கிற கொடுமைக்கென்றே வை 07.0 என்று தனியாக ஒன்று இருக்கிறது. என் சேவைக்காலம் முழுவதிலும் அதைப் போடுவதற்கு ஒரு ரிக்கற்கூட இடம் தந்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

அந்தக் கொடுமை எங்கள் ஊரில் இல்லை என்றா இதற்கு அர்த்தம்? ரிக்கற்றில் எழுதியிருந்தால்தான் நாங்கள் போடலாம். ஊகித்துப் போடக் கூடாது. அது சரியான விதிதான். ஆனால் எழுதியிருப்பதெல்லாம் கிணற்றடியில் வழுக்கி விழுந்தது, படியில் விழுந்தது என்றுதான். ஒரு பெண்ணுக்கு இடது முன்கையின் இரண்டு எலும்புகளில் உல்னா மட்டும் நடுவில் முறிந்திருந்தது. தலையில் விழ வந்த அடியைக் கை தூக்கி மறித்தால் முறிகிற எலும்பு அது என்று எலும்பு டொக்டர்மாருக்கு நன்றாகவே தெரியும். அவள் அதற்கு முன் தாடை வீங்கி வந்த ரிக்கற்றும் எங்கள் இறாக்கையில் இருந்தது. இரண்டிலும் விழுந்ததாகவே எழுதியிருந்தது. மனம் கேளாமல் விடுதிக்குப் போய் அங்கிருந்த தாதி மிஸ்ஸியிடம் விசாரித்தேன். “மனிசன் கட்டிலடியை விட்டு அசையவே இல்லை அக்கா. அந்தப் பிள்ளை வேற என்னத்தைச் சொல்லும்?” என்றார். எப்படி விழுந்தாள் என்றுகூட ரிக்கற்றில் இல்லை. ஆகவே டபிள்யூ 19, விவரம் குறிப்பிடப்படாத விழுகை. எலும்பு முறிந்தால் தண்டனைச் சட்டக் கோவைப்படி அது கடுங்காயம். உங்கள் கட்டுரையாளரின் கணக்கில் அவள் தடுக்கி விழுந்தவள்.

செத்திருந்தாலாவது வேறு. இறந்தவர்களுக்கு எதனால் நடந்தது என்பதைத்தான் அடிப்படைக் காரணமாக எடுப்பார்கள். உயிரோடு வீட்டுக்குப் போனவளுக்கு முறிவுதான் பிரதானம், எதனால் என்பது கூடுதல் குறியீடு. வேலை நெருக்கத்தில் முதலில் விடுபடுவதும் அதுதான். இலங்கை ஆஸ்பத்திரிகளில் மிக அதிகம் பேரை அனுமதிப்பது காயங்களுக்காகத்தான் என்று சுகாதார அமைச்சின் அறிக்கைகளே சொல்கின்றன. அத்தனை ரிக்கற்றையும் ஒரு சிறிய அறையில் ஓரிருவர் பார்க்கிறார்கள். ஆள் தாருங்கள் என்று நாங்கள் கேட்ட காலத்தில் உங்கள் நிருபர் வந்து படம் எடுத்துக்கொண்டு போனார். செய்தி வரவில்லை.

இளம் டொக்டர்மாரை நான் குறை சொல்லமாட்டேன். தாக்குதல் என்று எழுதினால் பொலிஸ், சட்ட வைத்திய அதிகாரி, அப்புறம் எங்கோ தூரத்துக்கு மாற்றலாகிப் போனபின் நீதிமன்ற அழைப்பு. ஆனால் பத்திரிகைக்கு என்ன தடை? வாள்வெட்டு என்றால் முதற்பக்கத்தில் இரத்தத்தோடு படம் போடுகிறீர்கள். மனைவியின் கை முறிந்தால் உள்பக்கத்தில் நாலு வரி, அதுவும் குடும்பத் தகராறு என்று. அந்த நாலு வரிக்குள் அவளுடைய ஊர், வயது, எத்தனை பிள்ளைகள், புருசனுடைய தொழில் எல்லாம் வந்துவிடும். இதைப் பற்றி முன்பும் உங்களுக்கு எழுதினேன். முக்கியமான பந்தியை எடுத்துவிட்டு, பத்திரிகையைப் பாராட்டிய பந்தியை மட்டும் போட்டீர்கள். பெரிய மனத்தாங்கலாக இருந்தது. இருந்தும் பத்திரிகை வாங்குவதை நிறுத்தவில்லை.

ஆஸ்பத்திரியில் கேட்டால் கிடைக்காத பதில், தனியாக வைத்துக் கேட்டால் கிடைக்கிறது. தொகைமதிப்புப் புள்ளிவிபரத் திணைக்களம் 2019 இல் நடத்திய பெண்கள் நலன் பற்றிய ஆய்வில், துணைவரோடு வாழ்ந்த, வாழ்கிற பெண்களில் 20.4 வீதமானவர்கள் அவரிடமிருந்து உடல் அல்லது பாலியல் வன்முறையை அனுபவித்ததாகச் சொன்னார்கள். ஐந்தில் ஒருவர். அது முழு இலங்கைக்குமான எண். யாழ்ப்பாணம் அதற்குப் புறம்பா? வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் 2005 இலேயே வந்துவிட்டது. நீதவான் நீதிமன்றத்தில் பாதுகாப்புக் கட்டளை கேட்கப் போகிறவளின் கையில் விழுந்ததாக எழுதிய ரிக்கற் இருந்தால் அவள் என்ன செய்வாள்?

உங்களிடம் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. இனி ஆஸ்பத்திரிக் கணக்கைப் போடும்போது, காரணம் பதியப்படாத காயங்கள் எத்தனை என்பதையும் கேட்டு வாங்கிப் பக்கத்தில் போடுங்கள். அடிபட்ட பெண் பற்றிய செய்தியில் ஊரையும் புருசனின் தொழிலையும் எடுத்துவிட்டு, அந்த இடத்தில் பெண்களுக்கான உதவி இலக்கம் 1938 ஐப் போடுங்கள். அரசாங்க ஆஸ்பத்திரிகள் பலவற்றில் நட்பு நிலையம் என்று ஓர் இடம் இருப்பதையும் ஒரு வரியில் சொல்லுங்கள். கணவன் பக்கத்தில் இல்லாமல் அவள் பேசக்கூடிய இடம் அது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மருத்துவப் பதிவேட்டு உத்தியோகத்தர்,
கோண்டாவில்.