வைஷாலி என்று பெயர் இருக்கிறது

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிற்றுக்கிழமை தாங்கள் வெளியிட்ட சதுரங்கக் கட்டுரையைப் பசியாறும்போதே படித்து முடித்தேன். ஆனந்த் முதல் குகேஷ் வரை ஒரு முழுப் பக்கம். நம் பிள்ளைகளைப் பற்றித் தமிழில் இவ்வளவு விரிவாக வருவது எனக்கும் மகிழ்ச்சிதான். ஆனால் கடைசிப் பத்தியில் இருந்த ஒரு வரி இன்னும் நெஞ்சில் முள்ளாகக் கிடக்கிறது. "பிரக்ஞானந்தாவின் அக்காவும் ஒரு பெண் கிராண்ட்மாஸ்டர்தான்." அவ்வளவுதான். பெயர்கூட இல்லை. குகேஷின் அப்பா பெயர் இருக்கிறது, பயிற்சியாளர்களின் பெயர்கள் இருக்கின்றன, இவருக்கு மட்டும் 'அக்கா' போதும் என்று எப்படித் தோன்றியது?

அவர் பெயர் வைஷாலி. இது தங்களுக்குத் தெரியாததல்ல. 'பெண் கிராண்ட்மாஸ்டர்' என்பதும் 'கிராண்ட்மாஸ்டர்' என்பதும் இரண்டு தனித்தனிப் பட்டங்கள் என்பதும் தங்கள் விளையாட்டுப் பகுதியில் இருப்பவர்களுக்குத் தெரியாமல் இருக்காது. முதலாவது பெண்களுக்கு மட்டும் தருவது, ஆட்டத்திறனைக் காட்டும் ரேட்டிங் புள்ளியில் 2300ஐத் தொட வேண்டும். இரண்டாவதற்கு ஆண், பெண் எல்லாருக்கும் ஒரே அளவுகோல். 2500ஐத் தொட வேண்டும். அப்புறம் வலுவான போட்டிகளில் அந்தப் பட்டத்துக்குரிய தரத்தில் ஆடி, 'நார்ம்' என்னும் தகுதியை மூன்று முறை வாங்க வேண்டும். வைஷாலி முதல் பட்டத்தை 2018லேயே எட்டிவிட்டார். அதற்குப் பிறகு ஐந்து ஆண்டுகள் உழைத்து, 2023 டிசம்பரில் ஸ்பெயினில் 2500ஐக் கடந்தார். ஹம்பி, ஹரிகா இருவருக்கும் அடுத்து கிராண்ட்மாஸ்டர் ஆன மூன்றாவது இந்தியப் பெண் அவர். 'பெண்' என்று ஒரு சொல்லைச் சேர்த்து அந்த ஐந்து ஆண்டுகளையும் இல்லாமல் ஆக்கிவிட்டீர்களே, ஐயா.

சரி, அக்கா என்றே வைத்துக்கொள்வோம். அந்த வீட்டில் முதலில் காய்களைத் தொட்டது யார்? பிள்ளை எந்நேரமும் டிவி பார்க்கிறாளே என்று பெற்றோர் வைஷாலியைத்தான் செஸ் வகுப்பில் சேர்த்தார்கள். அதைப் பார்த்து வந்தவர்தான் தம்பி. 2013ல் நார்வேயின் முன்னணி வீரர் மாக்னஸ் கார்ல்சன் சென்னைக்கு வந்து ஒரே நேரத்தில் பலரோடு ஆடியபோது, 12 வயது வைஷாலி அவரை வென்றார். 2024ல் கனடாவின் டொரோண்டோவில், உலக வெற்றியாளரோடு மோதப்போவது யார் என்று முடிவு செய்ய நடந்த மகளிர் கேண்டிடேட்ஸ் போட்டியை என்னால் மறக்கவே முடியாது. அங்கே பிற்பகலில் ஆடுவார்கள், நமக்கு அது நள்ளிரவுக்கு மேல். நான் விடியற்காலையில் எழுந்து, உலை வைப்பதற்கு முன்னால் கைப்பேசியைத்தான் பார்ப்பேன். தோல்வி. மறுபடி தோல்வி. நான்கு ஆட்டங்கள் தொடர்ந்து தோற்றார். பார்க்கவே மனசு தாங்கவில்லை. பிறகு கடைசி ஐந்து ஆட்டங்களையும் வரிசையாக வென்று இரண்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டார். அடுத்த ஆண்டு சென்னையில் நடந்த ஒரு போட்டியில் ஆட்டத்துக்கு மேல் ஆட்டம் தோற்றார். அதற்கடுத்த மாதமே உஸ்பெகிஸ்தானின் சமர்கண்டுக்குப் போய், மகளிர் கிராண்ட் சுவிஸ் என்னும் பெரிய போட்டியின் பட்டத்தை இரண்டாவது முறையாக வென்றார். விழுந்து எழுவதைப் பற்றி எழுத இவரைவிட வேறு யார் வேண்டும்?

இது முதல் தடவையும் இல்லை. 2024 இறுதியில் இங்கே சிங்கப்பூரில், செந்தோசாவில் உலக வெற்றியாளர் போட்டி நடந்தபோது நான் ஒரு நாள் விடுப்பு எடுத்துக்கொண்டு போயிருந்தேன். குகேஷ் வென்றபோது ஈசூனில் என் வீட்டில் பாயசமே வைத்தோம். அந்த வாரம் முழுக்கத் தங்கள் பக்கங்களில் சதுரங்கம்தான். அதற்கு மூன்று மாதங்களுக்கு முன்னால் புடாபெஸ்டில், நாடுகளின் அணிகள் மோதும் செஸ் ஒலிம்பியாட்டில் இந்திய ஆண்கள் அணியோடு பெண்கள் அணியும் தங்கம் வென்றதே, அதைப் பற்றி அந்த வாரத்தில் ஒரு வரி தேடினேன். கிடைக்கவில்லை. இந்தியாவின் முதல் பெண் கிராண்ட்மாஸ்டர் சென்னையைச் சேர்ந்த எஸ். விஜயலட்சுமி. அவர் காலத்தில் அந்தப் பட்டமே பெரிய மலை. இந்த ஞாயிற்றுக்கிழமைப் பக்கத்தில் அவருக்கும் இடமில்லை. ஆனந்தின் கதையைச் சொல்லும்போது, அவருக்கு ஆட்டம் கற்றுக்கொடுத்த அம்மாவுக்கும் இடமில்லை.

இவ்வளவு கோபம் எதற்கு என்று தாங்கள் நினைக்கலாம். எனக்கு ஒரு மகள் இருக்கிறாள். எங்கள் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடியின் கீழ்த்தளத்தில் ஒரு கல்மேசை, மேலே கறுப்பும் வெள்ளையுமாக ஓடு பதித்திருக்கும். ஒரு மூலையில் ஓடு பெயர்ந்து சிமெண்ட் தெரியும். நான்காம் தளத்துச் சீனத் தாத்தா அந்த மேசையில்தான் அவளுக்குக் குதிரை எப்படித் தாவும் என்று காட்டிக்கொடுத்தார். பெயர்ந்த கட்டத்தில் காய் நிற்காது, சாயும். அவள் ஒரு விரலால் அதைப் பிடித்துக்கொண்டே அடுத்த நகர்வை யோசிப்பாள். தொடக்கநிலை ஐந்தில் படிக்கும்போது ஒரு போட்டியில் இரண்டாவதாக வந்தாள். பரிசு கொடுத்தவர் ஒலிபெருக்கியிலேயே கேட்டார், "அண்ணன் சொல்லிக் கொடுத்தாரா பாப்பா?" அவள் அண்ணனுக்குச் சிப்பாய் எப்படி நகரும் என்றுகூடத் தெரியாது, அவன் பந்து விளையாடுகிறவன். பிறகு ஒரு செய்தித்தாளில் நான்கு வரி வந்தது. அதில் அண்ணன் பெயரைப் போட்டு, "இவரின் தங்கை" என்று எழுதியிருந்தார்கள். தன் பெயரைத் தேடி அந்த நான்கு வரியையும் அவள் விரல் வைத்துப் படித்தது இன்னும் என் கண்ணிலேயே நிற்கிறது. உயர்நிலை நான்கில் ஆட்டத்தை விட்டுவிட்டாள். இதனால்தான் விட்டாள் என்று நான் சொல்லமாட்டேன், ஓ நிலைத் தேர்வு நெருக்கியது. ஆனால் இந்த ஞாயிற்றுக்கிழமை அந்தப் பக்கத்தை அவளிடம் காட்டியபோது, படித்துவிட்டு மடித்து வைத்தாள், ஒன்றுமே பேசவில்லை.

இருபத்தெட்டு ஆண்டுகளாகத் தங்கள் ஏட்டை வாங்கும் உரிமையில் இரண்டு வேண்டுகோள்கள். வரும் ஞாயிற்றுக்கிழமை ஒரு சிறு திருத்தம் போடுங்கள்: "கிராண்ட்மாஸ்டர் ஆர். வைஷாலி." அது போதும். இன்னொன்று, கட்டுரையோடு வந்த படத்தில் பலகை பக்கவாட்டில் திரும்பிக் கிடக்கிறது. ஆடுபவரின் வலக்கை மூலையில் வெள்ளைக் கட்டம் வர வேண்டும். இணையப் பதிப்பிலாவது மாற்றிவிடுங்கள், பிள்ளைகள் பார்ப்பார்கள்.

இப்படிக்கு,
ஈசூன் வாசகி